நாலு தரம் வாசல்வரை போனவர்கள்



இந்த மாத உரைக்கு நான் எடுத்திருக்கிற விடயத்தைக் கேட்டால் உங்களில் சிலர் சிரிக்கக்கூடும். ஒரு அமெரிக்க ஃபுட்போல் அணியைப் பற்றிப் பேசப்போகிறேன். அதுவும் கிண்ணங்களை அடுக்கி வைத்திருக்கிற அணியைப் பற்றி அல்ல. அடுத்தடுத்து நான்கு ஆண்டுகள் இறுதி ஆட்டத்துக்குப் போய், நான்கிலும் தோற்று வீடு திரும்பிய அணி அது. பெயர் பஃபலோ பில்ஸ்.

பஃபலோ என்றதும் எங்கள் சனத்தில் பலருக்கு விளையாட்டு ஞாபகத்துக்கு வராது. பாலம்தான் வரும். நயாகரா ஆற்றுக்கு இந்தப் பக்கம் எங்கள் ஒன்ராறியோவின் ஃபோர்ட் ஈரி, அந்தப் பக்கம் அமெரிக்காவின் பஃபலோ. இடையில் 1927இல் திறக்கப்பட்ட சமாதானப் பாலம். அமெரிக்கா வழியாக வருகிறவர்களைத் திருப்பி அனுப்பும் ஒப்பந்தம் 2004 டிசம்பர் கடைசியில் நடைமுறைக்கு வந்தது. அதற்கு முந்திய ஆண்டுகளில் எத்தனையோ தமிழ்க் குடும்பங்கள் அந்தப் பாலத்தால்தான் கனடாவுக்குள் கால் வைத்தன. ரொறன்ரோவிலிருந்து காரில் போனால் ஏறக்குறைய 160 கிலோமீற்றர். பக்கத்து ஊர் என்றே சொல்லலாம். அந்தப் பக்கத்து ஊர்க்காரர்கள் தங்கள் தோல்விகளோடு எப்படி வாழ்கிறார்கள் என்பதுதான் இன்றைய என் பேச்சு.

விளையாட்டு தெரியாதவர்களுக்காக முதலில் இரண்டு வார்த்தை. இது நாங்கள் ஊரில் விளையாடிய உதைபந்தாட்டம் இல்லை. முட்டை வடிவப் பந்தைக் கையில் வைத்துக்கொண்டு ஓடுவார்கள், எறிவார்கள். நூறு யார்ட் நீளமான மைதானம். பந்தை வைத்திருக்கிற அணிக்கு நான்கு முயற்சி உண்டு. அதற்குள் பத்து யார்ட் முன்னேறினால் மறுபடி நான்கு முயற்சி கிடைக்கும். கோட்டைத் தாண்டிப் பந்தைக் கொண்டுபோனால் ரச்டவுன், ஆறு புள்ளி. அதன் பிறகு உதைத்து இன்னும் ஒன்று எடுக்கலாம். அவ்வளவு தூரம் போக முடியாவிட்டால், நின்ற இடத்திலிருந்து கம்பங்களுக்கு நடுவே உதைத்து மூன்று புள்ளி எடுக்கலாம். அதற்கு ஃபீல்ட் கோல் என்று பெயர். இந்த உதையை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

என்.எஃப்.எல். என்கிற தொழில்முறை லீக்கில் அணிகள் இரண்டு பிரிவுகளாக ஆடுகின்றன. ஒவ்வொரு பிரிவிலும் முதலாவதாக வருகிற அணிகள் இரண்டும் ஒரேயொரு ஆட்டத்தில் மோதும். அதுதான் சுப்பர் போல். தோற்றால் மறு ஆட்டம் கிடையாது. அடுத்த இலையுதிர்காலம் வரை காத்திருந்து, எல்லா அணிகளோடும் சேர்ந்து பூச்சியத்திலிருந்து மறுபடி தொடங்க வேண்டும்.

பஃபலோ அணி 1960இல் பிறந்தது. அப்போது என்.எஃப்.எல். உக்குப் போட்டியாக அமெரிக்கன் ஃபுட்போல் லீக் என்று புதிதாக ஒன்றைத் தொடங்கினார்கள். டிட்ரோய்ட்டைச் சேர்ந்த ரால்ஃப் வில்சன் என்ற தொழிலதிபர் 25,000 டொலர் கட்டி ஒரு அணிக்கான உரிமையை வாங்கி, அதைப் பஃபலோவில் வைத்தார். 2014இல் இறக்கும்வரை அவர்தான் உரிமையாளர்.

இந்த அணி ஒருபோதும் வென்றதில்லை என்று நினைத்துவிடாதீர்கள். 1964 டிசம்பர் 26ஆம் திகதி சொந்த ஊரில் சான் டியாகோ சார்ஜர்ஸ் அணியை 20 இற்கு 7 என்று வென்று அந்த லீக்கின் கிண்ணத்தை எடுத்தார்கள். சரியாக ஒரு வருடம் கழித்து, அதே திகதியில், அதே அணியை அவர்களுடைய ஊரிலேயே 23 இற்கு 0 என்று வென்றார்கள். அந்த நாள் அணியை நடத்திய ஜாக் கெம்ப் பிற்பாடு அரசியலுக்குப் போய், 1996இல் துணை ஜனாதிபதிப் பதவிக்குப் போட்டியிட்டவர்.

மூன்றாவது வருடம்தான் விதி திரும்பியது. இரண்டு லீக்குகளும் சமாதானமாகி, தங்கள் தங்கள் வெற்றியாளர்களை மோதவிடுவது என்று தீர்மானித்த காலம் அது. 1967 ஜனவரி முதலாம் திகதி பஃபலோ சொந்த மைதானத்தில் கன்சாஸ் சிற்றி அணியைச் சந்தித்தது. வென்றிருந்தால் வரலாற்றின் முதலாவது சுப்பர் போல் ஆட்டத்தில் ஆடியிருப்பார்கள். 31 இற்கு 7 என்று தோற்றார்கள். கன்சாஸ் சிற்றி போனது. பஃபலோ அந்த மேடையில் ஏறுவதற்கு அதன் பின் இருபத்து நான்கு ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது.

அந்த இருபத்து நான்கு ஆண்டுகளில் ஊருக்கு என்ன நடந்தது என்பதையும் சொல்ல வேண்டும். பஃபலோ ஒரு காலத்தில் தானியமும் உருக்கும் கொழித்த நகரம். மேற்கிலிருந்து ஏரிகள் வழியாகக் கப்பலில் வந்த கோதுமை அங்கேதான் இறங்கியது. பக்கத்திலுள்ள லக்கவானாவில் பெத்லகேம் உருக்காலை ஆயிரக்கணக்கானோருக்குச் சோறு போட்டது. பிறகு கப்பல்கள் வேறு வழியால் போகத் தொடங்கின. உருக்காலையின் பெரும்பகுதி 1983இல் மூடப்பட்டது. 1950இல் 580,000 பேர் வாழ்ந்த நகரத்தில் 1990இல் மிஞ்சியவர்கள் 328,000 பேர்தான். வேலை தேடி இளைஞர்கள் தெற்கே போனார்கள். மிஞ்சியவர்களுக்குப் பனியும் ஃபுட்போலும்தான் மிச்சம். அந்த ஃபுட்போலும் நன்றாக இருக்கவில்லை. 1984, 1985 ஆகிய இரண்டு பருவங்களிலும் பதினாறு ஆட்டங்களில் இரண்டில்தான் வென்றார்கள்.

ஜிம் கெல்லி என்ற குவாட்டர்பாக், அதாவது பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்துகிற தலைமை ஆட்டக்காரர், 1983இல் பஃபலோவால் தெரிவு செய்யப்பட்டும் அங்கே வரவில்லை. வேறொரு புதிய லீக்கில் ஹியூஸ்ரன் அணிக்கு ஆடப் போய்விட்டார். அந்த லீக் விழுந்த பிறகு, 1986இல்தான் பஃபலோவுக்கு வந்தார். அதே வருடம் பயிற்றுநராக மார்வ் லீவி வந்தார். எங்கள் கனடா நேயர்களுக்கு ஒரு செய்தி: இந்த லீவி முன்பு மொன்றியல் அலுவெற்ஸ் அணியைப் பயிற்றுவித்து, 1974இலும் 1977இலும் கிறே கிண்ணத்தை வென்று கொடுத்தவர். ஹாவார்ட் பல்கலைக்கழகத்தில் ஆங்கில வரலாறு படித்து முதுகலைப் பட்டம் பெற்றவர்.

பொது முகாமையாளராக பில் பொலியன் இருந்த அந்த அணியில் நல்ல ஆட்கள் சேர்ந்திருந்தார்கள். தடுப்பாட்டத்துக்கு புரூஸ் சிமித், ஓடுவதற்கு தர்மன் தோமஸ், பந்தைப் பிடிப்பதற்கு அன்ட்ரே ரீட். ஒவ்வொரு முயற்சிக்கும் முன்னர் கூடிநின்று பேசுகிற வழக்கத்தை இவர்கள் விட்டுவிட்டு, எதிரணி மூச்சு வாங்குவதற்குள் அடுத்த ஆட்டத்தைத் தொடங்கினார்கள். 1991 ஜனவரியில், சுப்பர் போலுக்கு முந்திய ஆட்டத்தில், லொஸ் ஏஞ்சலிஸ் ரெய்டர்ஸ் அணியை 51 இற்கு 3 என்று அடித்துத் துவைத்தார்கள். ஊரே இது எங்கள் வருடம் என்று நம்பியது.

1991 ஜனவரி 27. புளோரிடா மாநிலத்தின் ரம்பா நகரம். எதிரணி நியூயோர்க் ஜயன்ற்ஸ். வளைகுடாப் போர் தொடங்கிப் பத்து நாள். மைதானத்தைச் சுற்றிக் கடும் பாதுகாப்பு.

அந்த நேரம் நான் பஃபலோவில்தான் இருந்தேன். எல்லையில் விசாரணைக்கு நாள் கிடைக்கும்வரை அகதிகளுக்கான ஒரு தங்குமிடத்தில் காத்திருந்தோம். பொது அறையில் ஒரு பழைய தொலைக்காட்சி. போர்ச் செய்தி பார்ப்பதற்காக இருந்தவர்கள்தான் அன்றைக்கு ஆட்டத்தையும் பார்த்தோம். எங்களில் ஒருவருக்கும் விதிமுறை விளங்கவில்லை. சமையலுக்கு உதவ வருகிற ஒரு அம்மா பக்கத்தில் இருந்து கையாலும் முகத்தாலும் விளங்கப்படுத்தினார். அவர் கைதட்டினால் நாங்களும் தட்டினோம்.

ஜயன்ற்ஸ் அணியின் பயிற்றுநர் பில் பார்செல்ஸ் ஒரு தந்திரம் செய்திருந்தார். பஃபலோ வேகமான அணி. அந்த வேகத்தை நிறுத்த ஒரே வழி பந்தை அவர்களிடம் கொடுக்காமல் இருப்பது. ஜயன்ற்ஸ் மெதுவாக, கொஞ்சம் கொஞ்சமாக முன்னேறினார்கள். மூன்றாவது கால்பகுதியில் ஒரே தொடரில் ஒன்பது நிமிடத்துக்கு மேல் பந்தை வைத்திருந்து ரச்டவுன் எடுத்தார்கள். அறுபது நிமிட ஆட்டத்தில் நாற்பது நிமிடத்துக்கு மேல் பந்து அவர்கள் கையில். அப்படியிருந்தும் இடைவெளி ஒரேயொரு புள்ளி. ஜயன்ற்ஸ் 20, பஃபலோ 19.

கடைசி இரண்டே கால் நிமிடத்தில் பஃபலோ தன் சொந்தப் பத்து யார்ட் கோட்டிலிருந்து புறப்பட்டது. ஓடியும் எறிந்தும் எதிரணியின் 29 யார்ட் கோடு வரை வந்துவிட்டார்கள். எட்டு விநாடி மிச்சம். 47 யார்ட் தூரத்திலிருந்து ஒரு உதை. உள்ளே போனால் கிண்ணம். உதைக்க வந்தவர் ஸ்கொட் நோர்வூட்.

47 யார்ட் அவருக்கு எல்லைத் தூரம். பஃபலோவின் சொந்த மைதானம் அப்போது செயற்கைத் தரை. ரம்பாவில் இயற்கைப் புல். பந்துக்கு உயரமும் தூரமும் கிடைத்தன. ஆனால் அது வலது கம்பத்துக்கு வெளியால் போய்விட்டது. அந்தத் தவறிய உதையை வைத்துத்தான் அமெரிக்காவில் இன்றைக்கும் அந்த ஆட்டத்தை நினைவு கூருகிறார்கள்.

சமையல் அம்மா முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். எங்களுக்கு வேறொரு பயம். ஊரில் பெரிய மட்ச் ஒன்றில் கடைசிப் பெனால்ரியைத் தவறவிட்டவன் ஒரு மாதத்துக்குச் சந்திப் பக்கம் தலைகாட்ட மாட்டான். இந்த மனிதனுக்கு என்ன செய்யப் போகிறார்களோ என்று எங்களுக்குள் கதைத்துக்கொண்டோம்.

மறுநாள் திங்கட்கிழமை. பஃபலோ நகரசபைக்கு முன்னால் உள்ள நயாகரா சதுக்கத்தில் அணியை வரவேற்கக் கூட்டம் கூடியது. ஜனவரிக் குளிர். பல்லாயிரம் பேர். தோற்று வந்த அணிக்கு இத்தனை பேரா என்று தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்த எங்களுக்கு விளங்கவில்லை. மேடையில் பெரியவர்கள் பேசினார்கள், ஆட்டக்காரர்கள் பேசினார்கள். நோர்வூட் பின்னால் ஒதுங்கி நின்றார். அப்போது கூட்டத்தில் ஒரு சத்தம் எழும்பியது. கொஞ்சம் கொஞ்சமாகச் சதுக்கம் முழுக்கப் பரவியது. ஸ்கொட்டைப் பேசவிடு, எங்களுக்கு ஸ்கொட் வேண்டும் என்று அவருடைய பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். அவர் தயங்கித் தயங்கி முன்னுக்கு வந்தார். குரல் அடைத்தது. இவ்வளவு அன்பை ஒருபோதும் உணர்ந்ததில்லை என்ற கருத்தில் சில வார்த்தை பேசினார். அவ்வளவுதான்.

நேயர்களே, வேலை இழந்து, ஆலை இழந்து, பாதிச் சனத்தை இழந்த ஒரு ஊர். அந்தக் கிண்ணம் அவர்களுக்கு எவ்வளவு தேவைப்பட்டிருக்கும்! அதைக் கைநழுவவிட்டவன் என்று உலகம் முழுக்கச் சுட்டிக்காட்டிய மனிதனை அவர்கள் பெயர் சொல்லி அழைத்துத் தங்கள் நடுவில் நிறுத்தினார்கள்.

அதில் இரக்கம் மட்டுமல்ல, நியாயமும் இருந்தது. ஆட்டத்தைத் திருப்பிப் பாருங்கள். நாற்பது நிமிடம் எதிரணியிடமிருந்து பந்தைப் பறிக்க முடியாமல் போனது நோர்வூட்டால் அல்ல. இரண்டாவது கால்பகுதியில் புரூஸ் சிமித் எதிரணியின் குவாட்டர்பாக்கை அவர்களுடைய கோட்டுக்குப் பின்னாலேயே மடக்கிப் பிடித்தார். பிடித்த கையிலிருந்து பந்து மட்டும் விழுந்திருந்தால் ரச்டவுன் கிடைத்திருக்கும். விழவில்லை. இரண்டே புள்ளி கிடைத்தது. ஒரு புள்ளியால் தோற்ற ஆட்டத்தில் இப்படிப் பத்து இடம் காட்டலாம். ஆனால் கடைசியாகத் தொட்டவன் தலையில்தான் உலகம் பழியைப் போடும். பஃபலோ சனம் அந்தக் கணக்கை ஏற்கவில்லை.

அடுத்த வருடம் அதே அணி மறுபடி வந்தது. இறுதிக்கு முந்திய ஆட்டத்தில் டென்வர் அணியை 10 இற்கு 7 என்று வென்றார்கள். மூன்றே புள்ளி வித்தியாசம். அந்த மூன்று புள்ளியும் ஒரு ஃபீல்ட் கோல். 44 யார்ட். உதைத்தவர் ஸ்கொட் நோர்வூட். எதிரணியின் உதைகாரர் அன்றைக்கு மூன்று தடவை தவறவிட்டார். இந்தச் செய்தியை யாரும் பெரிதாகச் சொல்வதில்லை. தவறியது ஞாபகம் இருக்கும், சரிவந்தது மறந்துபோகும். ஆனால் நோர்வூட் மறுபடி உதைத்தார், உள்ளே போனது, அணி மறுபடி சுப்பர் போலுக்குப் போனது.

1992 ஜனவரி 26, மினியாபொலிஸ். வாஷிங்ரன் அணி 37, பஃபலோ 24. தொடக்கத்திலேயே தர்மன் தோமஸ் தன் தலைக்கவசத்தை வைத்த இடத்தில் காணாமல் தேடிக்கொண்டு நிற்க, முதல் இரண்டு முயற்சியும் அவர் இல்லாமலே போயின. நாடு முழுக்கச் சிரித்தது.

உண்மையை மறைக்கக்கூடாது. அந்தப் பருவம் முடிந்த பிறகு அணி நோர்வூட்டை வைத்திருக்கவில்லை. ஸ்ரீவ் கிறிஸ்ரி என்ற உதைகாரரை எடுத்தார்கள். அவர் எங்கள் ஒன்ராறியோவில், ஹமில்ரனில் பிறந்தவர். தொழில்முறை விளையாட்டு என்பது வியாபாரம். ஊர் கொடுத்த அன்பால் வேலையைக் காப்பாற்ற முடியவில்லை. ஆனால் அந்த மனிதன் அந்த ஊரில் தலைநிமிர்ந்து நடப்பதற்கான இடத்தை அது கொடுத்தது. இரண்டும் வேறு வேறு.

மூன்றாவது வருடம் நடந்ததை அங்கே ஒரு புராணம் போலச் சொல்வார்கள். 1993 ஜனவரி 3. முதல்சுற்று வெளியேற்ற ஆட்டம். கெல்லிக்குக் காயம். மாற்று ஆட்டக்காரர் பிராங் ரைக்தான் நடத்துகிறார். எதிரணி ஹியூஸ்ரன் ஒயிலர்ஸ். மூன்றாவது கால்பகுதியின் தொடக்கத்தில் 35 இற்கு 3 என்று பின்தங்கிவிட்டார்கள். சொந்த மைதானத்தில் இருந்த சனத்தில் பலர் எழும்பிக் காருக்குப் போய்விட்டார்கள். ரிக்கெற் முழுவதும் விற்கப்படாததால் உள்ளூர்த் தொலைக்காட்சியிலும் ஒளிபரப்பு இல்லை. வானொலிதான்!

பிறகு ஒரு ரச்டவுன். இன்னொன்று. இன்னொன்று. காரில் வானொலியைக் கேட்டவர்கள் திரும்பி ஓடிவந்தார்கள். இரண்டாவது பாதியில் ரைக் எறிந்ததில் மட்டும் நான்கு ரச்டவுன். மேலதிக நேரத்தில் கிறிஸ்ரி 32 யார்ட்டிலிருந்து உதைத்து, 41 இற்கு 38 என்று முடித்தார். 32 புள்ளி பின்தங்கியிருந்து மீண்ட ஆட்டம். 2022 டிசம்பரில் மினசோட்டா அணி 33 புள்ளி பின்தங்கியிருந்து வெல்லும்வரை என்.எஃப்.எல். வரலாற்றில் அதற்கு இணை இல்லை.

அதன் பிறகு பிற்ஸ்பேர்க், பிறகு மயாமி, இரண்டையும் அவரவர் ஊரிலேயே வென்று, மூன்றாவது சுப்பர் போல். 1993 ஜனவரி 31, கலிபோர்னியாவின் பசடேனா. டலஸ் கவ்போய்ஸ் 52, பஃபலோ 17. ஒன்பது தடவை பந்தைப் பறிகொடுத்தார்கள். மிகக் கேவலமான தோல்வி.

ஆனால் அந்த ஆட்டத்தில் ஒரு காட்சி இருக்கிறது. பிள்ளைகளோடு சேர்ந்து தேடிப் பாருங்கள். நான்காவது கால்பகுதி. 52 இற்கு 17. எல்லாம் முடிந்துவிட்டது. பஃபலோவின் கையிலிருந்து விழுந்த பந்தை டலஸின் லியோன் லெட் என்ற பெரிய உடம்புக்காரர் எடுத்து ஓடுகிறார். முன்னால் ஒருவருமில்லை. கோட்டுக்குக் கிட்ட வந்ததும் பந்தை ஒரு கையில் நீட்டி, வேகத்தைக் குறைத்துக் கொண்டாடத் தொடங்குகிறார். பின்னால் ஒருவர் மைதானத்தின் நீளத்துக்கு ஓடி வருகிறார். டொன் பீபி. பஃபலோவின் சிறிய உடம்புக்கார ஆட்டக்காரர். கோட்டுக்கு ஒரு யார்ட் இருக்கும்போது பந்தைத் தட்டிவிட்டார். ரச்டவுன் இல்லை.

பீபி ஓடியதால் பஃபலோ வென்றதா? இல்லை. 59 ஆக வேண்டியது 52 இல் நின்றது, அவ்வளவுதான். அவருக்கும் அது தெரியும். தெரிந்தும் ஓடினார். அந்த ஆட்டத்தில் வென்றவர்களின் பெயர்களை மறந்த பலருக்கு இந்த ஒரு ஓட்டம் ஞாபகம் இருக்கிறது.

நான்காவது தடவை. அமெரிக்காவின் பகிடிக்காரர்கள் எல்லாம் பஃபலோவை வைத்துப் பிழைப்பு நடத்திய காலம். தயவுசெய்து இவர்கள் மறுபடி வரவேண்டாம் என்று பத்திரிகைகளில் எழுதினார்கள். இவர்கள் வந்தார்கள். கன்சாஸ் சிற்றியை 30 இற்கு 13 என்று வென்று, 1994 ஜனவரி 30ஆம் திகதி அற்லாண்ராவில் மறுபடி டலஸ். இடைவேளையில் 13 இற்கு 6 என்று பஃபலோ முன்னால் நின்றது! எங்கள் ஒன்ராறியோக்காரர் கிறிஸ்ரி 54 யார்ட்டிலிருந்து உதைத்து, அந்த நாள் சுப்பர் போல் சாதனையொன்றும் வைத்தார். இடைவேளைக்குப் பிறகு முதல் நிமிடத்திலேயே தோமஸின் கையிலிருந்து பந்து நழுவ, டலஸின் ஜேம்ஸ் வாஷிங்ரன் அதை எடுத்து 46 யார்ட் ஓடி ரச்டவுன் ஆக்கினார். அதற்குப் பிறகு பஃபலோ ஒரு புள்ளியும் எடுக்கவில்லை. 30 இற்கு 13.

இதை நான் வேறு கணக்காகவும் பார்க்கிறேன். இந்த நான்கு வருடமும் என்.எஃப்.எல். இல் இருபத்தெட்டு அணிகள். அந்தப் பிரிவில் பதினான்கு. ஒவ்வொரு வருடமும் அந்தப் பதினான்கில் முதலாவதாக வந்த ஒரே அணி பஃபலோதான். நான்கு சுப்பர் போலுக்கு அடுத்தடுத்துப் போன வேறு அணி அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. கிண்ணங்களைக் குவித்த பிற்ஸ்பேர்க்கோ, டலஸோ, நியூ இங்கிலாந்தோ, கன்சாஸ் சிற்றியோ அதைச் செய்ததில்லை. ஒரு தடவை தோற்ற பிறகு போவது கஷ்டம். இரண்டு தடவை தோற்று, நாடே சிரித்த பிறகு போவது அதைவிடக் கஷ்டம். அதற்குத் திறமை மட்டும் போதாது. லீவி, கெல்லி, தோமஸ், சிமித், ரீட், பொலியன், உரிமையாளர் வில்சன் என்று அந்த அணியைச் சேர்ந்தவர்கள் ஒவ்வொருவராக ஃபுட்போலின் புகழ்மண்டபத்தில் சேர்க்கப்பட்டார்கள். அந்த நான்கு கிண்ணத்தில் ஒன்றுகூட இல்லாமலே.

1994இற்குப் பிறகு முப்பது ஆண்டுகளுக்கு மேல் ஓடிவிட்டன. 2000 தொடக்கம் 2016 வரை பதினேழு பருவங்கள் வெளியேற்றச் சுற்றுக்கே தகுதி பெறவில்லை. பிறகு ஜோஷ் அலன் என்ற குவாட்டர்பாக் வந்து மறுபடி எழுப்பினார். 2021 ஜனவரியிலும் 2025 ஜனவரியிலும் சுப்பர் போலுக்கு ஒரு படி முன்னால் கன்சாஸ் சிற்றியிடமே தோற்றார்கள். 2008 முதல் 2013 வரை சில ஆட்டங்களை ரொறன்ரோவிலும் வைத்தார்கள். எங்கள் பிள்ளைகளில் சிலர் அந்த நீலமும் சிவப்புமான உடுப்பைப் போட்டுக்கொண்டு திரிவதைப் பார்த்திருப்பீர்கள். வென்ற அணி எத்தனையோ இருக்க, ஏன் இவர்களுக்குக் கைதட்டுகிறாய் என்று உங்கள் பிள்ளையிடம் ஒருதரம் கேட்டுப் பாருங்கள். பதில் உங்களுக்கு ஆச்சரியமாக இருக்கலாம்.

ஏன் இதையெல்லாம் இன்றைக்குச் சொல்கிறேன்? அண்மையில் எங்கள் நேரடி நிகழ்ச்சியொன்றில் ஒரு தாய் தொலைபேசியில் வந்தார். பெயர் சொல்லவில்லை. மகன் பல்கலைக்கழகத்தில் இரண்டாம் வருடம் சித்தியடையாமல் நின்றுவிட்டானாம். படிப்பு போனதைவிட அவருக்குப் பெரிய கவலை வேறு. பிள்ளை இப்போது கோயிலுக்கு வருகிறானில்லை, கலியாண வீட்டுக்கு வருகிறானில்லை. அங்கே போனால் எல்லோரும் ஒரே கேள்விதான் கேட்கிறார்களாம்: தம்பி இப்ப என்ன செய்யிறார்?

எங்கள் சனத்தைக் குறை சொல்ல நான் வரவில்லை. எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்தவர்கள் நாங்கள். இரண்டு வேலை, மூன்று வேலை செய்து, நிலக்கீழ் அறைகளில் வாழ்ந்து, பிள்ளைகளின் படிப்பில்தான் எங்கள் நாட்களையெல்லாம் போட்டோம். தோல்வி என்ற சொல் மற்றவர்களுக்கு ஒரு சொல். எங்களுக்கு அது ஆறாத காயத்தில் கை படுகிற மாதிரி. ஒரு விளையாட்டில் தோற்பதையும் நாங்கள் இழந்துவந்தவற்றையும் ஒரே தராசில் வைக்க முடியாது. அது எனக்குத் தெரியும். ஆனால் அந்தக் காயத்தின் காரணமாகவே வீட்டில் தோல்வியைப் பற்றிக் கதைக்காமல் விடுகிறோம். கதைக்காத வீட்டில், தோற்ற பிள்ளை தான் மட்டும்தான் தோற்றவன் என்று நினைத்துக்கொள்கிறது.

தோல்வி நல்லது என்று நான் சொல்லவில்லை. பஃபலோக்காரரும் அப்படிச் சொல்லமாட்டார்கள். அவர்கள் ஒவ்வொரு வருடமும் வெல்லத்தான் ஆசைப்படுகிறார்கள், தோற்றால் அழுகிறார்கள், ஏசுகிறார்கள். ஆனால் தோற்றவனை வெளியில் விட்டுக் கதவைச் சாத்துவதில்லை. அவர்களிடமிருந்து படிக்க வேண்டியது இந்த ஒன்றுதான். பெயர் சொல்லிக் கூப்பிட்டால்தான் ஒருவன் அடுத்த உதைக்கு வருவான். அடுத்த உதை உள்ளே போகலாம், போகாமலும் விடலாம். ஆனால் அதற்கு முதலில் அவன் மைதானத்துக்கு வரவேண்டும்.

ஆகவே பெற்றோருக்கும் பெரியோருக்கும் ஒரு சிறு வேண்டுகோள். அடுத்த கிழமை கோயிலிலோ கலியாண வீட்டிலோ ஒரு இளம்பிள்ளையைக் கண்டால், என்ன செய்கிறாய் என்று கேட்க முன்னர் பெயரைச் சொல்லிக் கூப்பிடுங்கள். சாப்பிட்டாயா என்று கேளுங்கள். கண்டு கனநாள், வந்தது சந்தோஷம் என்று சொல்லுங்கள். அன்றைக்கு அது போதும். மிச்சத்தை அந்தப் பிள்ளை தானாகவே வந்து சொல்லும்.

அந்தத் தாய் இந்த உரையைக் கேட்டுக்கொண்டிருந்தால், அம்மா, உங்கள் மகனுக்குப் பஃபலோவின் கதையைச் சொல்லுங்கள். வேண்டுமானால் எங்கள் நிலையத்துக்குக் கூட்டிவாருங்கள். சனிக்கிழமைகளில் ஒலிப்பதிவுக்கு உதவி செய்ய இளையவர்கள் எப்போதும் தேவைப்படுகிறார்கள். சித்தியடைந்தாயா என்று இங்கே ஒருவரும் கேட்கமாட்டோம்.